வேடிக்கை வழக்கு

1

இந்தக் கதை ஒரு சிரிப்பில் பிறந்தது. சிரித்தவன் நான், தனியாக. அதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன். பின்னால் வருகிறவர்கள் யாருக்கும் அந்தச் சிரிப்பில் பங்கு கிடைக்கவில்லை.

வேறு ஏதோ ஒரு சொல்லைத் தேடித்தான் ஆங்கில அகராதியைத் திறந்தேன். (எந்தச் சொல் என்பது மறந்துவிட்டது.) பக்கத்தின் மேல் மூலையில் ஒன்று உட்கார்ந்திருந்தது: அப்ஸ்குவாட்டுலேட். வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். எவர்சில்வர் குடம் ஒன்று மாடிப்படியில் உருண்டு கீழே போய் நின்றது போலிருந்தது. பொருள்: சொல்லாமல் கொள்ளாமல் புறப்பட்டுப் போதல். பக்கத்திலேயே சாய்ந்த எழுத்தில் ஒரு குறிப்பு: வேடிக்கை வழக்கு.

அதாவது, இதைச் சொல்பவர் சிரித்துக்கொண்டு சொல்ல வேண்டும்.

சொல்லின் பூர்வீகத்தையும் போட்டிருந்தார்கள். லத்தீன் வேஷம் கட்டிய போலிச் சொல்லாம். தலைமறைவாவதைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஒரு துண்டு, குந்தியிருப்பதைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஒரு துண்டு, உலாவுவதைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஒரு துண்டு. யாரோ ஒரு குறும்புக்காரர் மூன்றையும் சேர்த்துத் தைத்துவிட்டுப் போயிருக்கிறார். ஒளிவது, குந்துவது, உலாவுவது. ஒரே ஆள் மூன்றையும் ஒரே சமயத்தில் எப்படிச் செய்வார்?

அதற்குப் பிறகு மூன்று நாள் நான் யாருடனும் பேசவில்லை. கோபமெல்லாம் இல்லை. எனக்கு அப்படி வரும். நான்காம் நாள் மனைவி தட்டை வைத்துவிட்டு எதிரே உட்கார்ந்தாள்.

"என்ன ஊமைக்கோட்டான், இன்னைக்காவது வாய் திறக்குமா?"

"ஒரு சொல்லு மாட்டிக்கிச்சு."

"தொண்டையிலயா?"

"அகராதியில."

"அப்ப பரவாயில்ல. சாப்பிடலாம்."

2

முதல் தொடக்கம்: மழை வலுத்திருந்த ஒரு பிற்பகலில் அந்தப் பெண் படியேறி

வேண்டாம். மழையைக் கொண்டுவந்தால் குடையைக் கொண்டுவர வேண்டும். குடையைக் கொண்டுவந்தால் அதை யாராவது மறந்துவைக்க வேண்டும்.

இரண்டாம் தொடக்கம்: மொழிபெயர்ப்பாளருக்கு அன்று காலையிலிருந்தே ஏதோ

ஏதோ என்ன? ஒன்றுமில்லை. அவருக்கு அது சாதாரணக் காலைதான்.

மூன்றாவது இது. மூக்குக் கண்ணாடிக் கடைக்கு மேலே, முதல் மாடியில் ஓர் அறை. சான்றிதழ்களையும் கடிதங்களையும் மொழிபெயர்த்து முத்திரை வைத்துத் தரும் இடம். சுவரோரம் ஒரு பெஞ்ச். மேசைமேல் நான்கு அகராதிகள், அதில் ஒன்றுக்கு மேலட்டை இல்லை. முத்திரையின் ரப்பரில், ஒவ்வொரு தாளின் அடியிலும் விழுகிற மாதிரி ஒரு வரி செதுக்கியிருக்கிறது: "விடுபடாமலும் சேர்க்காமலும் மொழிபெயர்க்கப்பட்டது." மொழிபெயர்ப்பாளர் ஒரு பெண். பதினெட்டு வருடமாக அந்த வரிக்குக் கீழே கையெழுத்துப் போடுகிறார். ஒரு முறைகூட அவருக்குக் கை நடுங்கியதில்லை.

இன்னொரு மேசையில் தட்டச்சு செய்கிற அம்மாள். ஐம்பத்தைந்து வயது. மூச்சு வாங்குகிற இடத்திலெல்லாம் கமா போடுவதால் கட்டடம் முழுக்க அவருக்குக் கமா அக்கா என்று பெயர்.

அன்று காலை பத்து மணிக்கே ஒரு தையற்காரி வந்து பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். கழுத்தில் அளவுநாடா தொங்கியது. கழற்ற மறந்து வந்திருக்கிறாள். அவள் கணவர் லிஃப்ட் மெக்கானிக். இரண்டு வருடத்துக்கு முன்னால் வெளிநாட்டில் வேலைக்குப் போனார். வாரத்துக்கு இரண்டு போன். ஆறு மாதத்துக்கு முன்னால் அது நின்றது. நின்று சில நாளில் அவருடைய கம்பெனியிலிருந்து ஆங்கிலத்தில் ஒரு கடிதம் வந்தது. மேற்பார்வையாளர் ஒருவர் எழுதியது. பக்கத்து வீட்டுக்காரர் படித்துப் பார்த்து, "சிரிச்சுப் பேசுற மாதிரிதாம்மா எழுதியிருக்கான், கெட்ட சேதியா இருக்காது" என்றார். அவள் கடிதத்தைத் தையல் மிஷின் டிராயரில் வைத்துவிட்டுக் காத்திருந்தாள்.

காணாமல் போனவர்களைத் தேடித்தர ஓர் அரசு அலுவலகம் இருப்பது போன வாரம்தான் அவளுக்குத் தெரிந்தது. நாலு தெரு தள்ளி. ஆறு மாதத்துக்குள் மனு கொடுக்க வேண்டும். இன்றோடு ஆறு மாதம். மாலை நான்கு மணிக்கு மனு வாங்கும் சன்னலை அடைத்துவிடுவார்கள். கம்பெனிக் கடிதத்தின் தமிழாக்கம் ஒன்று, இங்கே வைத்துக்கொள்ள. அவளுடைய வாக்குமூலத்தின் ஆங்கில ஆக்கம் ஒன்று, அந்த ஊருக்கு அனுப்ப. இரண்டும் முத்திரையோடு வேண்டும். சன்னலுக்கு மேலே ஒரு பலகை: "தாமாகவே சென்றவர்களைத் தேட மனு ஏற்கப்படாது."

வாக்குமூலம் அரைப் பக்கம்தான். மொழிபெயர்ப்பாளர் அதைக் காலையிலேயே முடித்து ஓரமாக வைத்துவிட்டார். பிறகு கடிதத்தை எடுத்தார். நேரம் தவறாதவர், வேலை செய்யும்போது சீட்டியடிப்பார், கருவிகளைத் துடைத்து வைப்பார். இதெல்லாம் ஓடிவிட்டது. பிறகு இந்த வரி:

"வியாழனன்று தேநீர் வேளைக்குப் பிறகு அவர் ______. கருவிப்பெட்டி பூட்டியிருந்தது, சாவி ஆணியில் மாட்டியிருந்தது."

கோடு போட்ட இடத்தில் என்ன சொல் இருந்தது என்று உங்களுக்குத் தெரியும். குடம் உருண்டது.

3

தாமாகவே போனாரா, காணாமல் போனாரா? அரசு கேட்பது அதைத்தான். அந்தச் சொல் இரண்டில் எதையும் சொல்லவில்லை. சொல்லாததையும் சிரித்துக்கொண்டு சொல்கிறது.

"தலைமறைவானார்" என்று எழுதிப் பார்த்தார் மொழிபெயர்ப்பாளர். போலீஸ் துரத்துகிற மாதிரி இருந்தது. "கிளம்பிச் சென்றார்." இது பலகைக்கு நேராகப் போய் முட்டும். "மறைந்தார்" என்று எழுதி, எழுதிய வேகத்தில் அடித்தார். பெஞ்சில் இருப்பவளுக்கு அது தெரிந்துவிடுமோ என்று தாளை வேறு திருப்பிக்கொண்டார்.

சிரிப்புக்குச் சிரிப்பாகத் தமிழில் சொற்கள் இல்லாமல் இல்லை. நழுவினார், கழன்றுகொண்டார், டிமிக்கி கொடுத்தார். அந்த ஆங்கிலச் சொல்லுக்கு ஒன்றுவிட்ட அண்ணன் மாதிரி ஒன்று இருக்கிறது.

"கம்பி நீட்டினார்னா போட முடியும்?" என்று அவர் வாய்க்குள் முனகினார். பிறகு மேலட்டையில்லாத அகராதியை எடுத்துக்கொண்டு வெளிச்சத்துக்காகச் சன்னலோரம் போனார்.

கமா அக்கா காதில் விழுவதையெல்லாம் தட்டுகிறவர். தட்டினார், மாதிரித் தாளை அச்செடுத்தார், வழக்கம்போலப் பெயரும் தேதியும் சரிபார்க்கச் சொல்லித் தையற்காரியிடம் நீட்டினார்.

பெஞ்ச் கிறீச்சிட்டது. மொழிபெயர்ப்பாளர் திரும்பினார். தையற்காரி எழுந்து நின்றிருந்தாள்.

"அக்கா! உள்ள இருக்காரா?"

"எங்கே உள்ள?"

"கம்பி எண்ணினார்னு போட்டிருக்கே."

தாளில் அப்படித்தான் இருந்தது: தேநீர் வேளைக்குப் பிறகு, அவர், கம்பி எண்ணினார்.

மொழிபெயர்ப்பாளர் விளக்குவதற்குள் அவள் தாளை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். காலையிலிருந்து பார்த்த முகமே இல்லை அது. கழுவித் துடைத்த மாதிரி இருந்தது.

"என்ன பண்ணித் தொலைச்சாரோ. பரவாயில்லக்கா. எத்தனை கம்பி இருக்கோ அத்தனையும் எண்ணட்டும். எண்றதுக்கு ஆள் இருக்கணும்ல? எந்த ஊர் ஜெயில்னு போட்டிருக்கா?"

"உட்காரும்மா. தப்பா அடிச்சுட்டோம்."

"எது தப்பு?"

"எண்ணினது தப்பு. நீட்டினார்னு... அதுவும் இல்ல. நான் சும்மா சொன்னேன்."

கமா அக்கா கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு மொழிபெயர்ப்பாளரைப் பார்த்தார். "நீட்டுறதும் கம்பி, எண்றதும் கம்பி. நீ ஏம்மா வாய்க்குள்ளயே பேசுற?"

தையற்காரி தாளை உடனே கொடுக்கவில்லை. மடித்தாள், பிரித்தாள், பிறகு கொடுத்தாள்.

(இந்தக் காட்சியை எழுதியபோது எனக்குச் சிரிப்பு வந்தது. மறுநாள் படித்தபோது வரவில்லை. அடித்துவிடலாம் என்று பேனாவை எடுத்தேன். ஆனால் அவள் "எண்றதுக்கு ஆள் இருக்கணும்ல" என்று சொல்லிவிட்டாளே. அதை நான் யோசித்து எழுதவில்லை. அதனால் அடிக்கும் உரிமை எனக்கு இருப்பதாகத் தோன்றவில்லை.)

4

மொழிபெயர்ப்பாளர் இப்போது உண்மையைச் சொன்னார். சொல்லைச் சொன்னார், பொருளைச் சொன்னார், அகராதியைத் திருப்பிச் சாய்ந்த எழுத்தையும் காட்டினார்.

"வேடிக்கை வழக்குன்னா? கேஸா?"

"இல்லம்மா. கிண்டலாச் சொல்றது."

தையற்காரி அளவுநாடாவின் நுனியை விரலில் சுற்றிக்கொண்டே யோசித்தாள். "செத்துப்போனவங்களைப் பத்தி யாரும் கிண்டலா எழுத மாட்டாங்கல்ல?"

"மாட்டாங்க."

"அடிபட்டவங்களைப் பத்தி?"

"மாட்டாங்க."

"அப்ப அது நல்ல சொல்லுதான்."

இந்த இடத்தில் நான் ஒரு வாரம் நின்றுவிட்டேன். காரணம், அந்த மேற்பார்வையாளர். இந்தச் சொல்லை ஏன் எழுதினார்? முதல் பிரதியில் அவரை இரக்கமில்லாதவராக எழுதியிருந்தேன். இரக்கமில்லாதவர்கள் கருவிகளைத் துடைத்து வைப்பதையெல்லாம் கவனித்து எழுதுவார்களா? இரண்டாம் பிரதியில் தனிமையில் வாடுகிறவராக்கினேன். தனிமையில் இருக்கிற எல்லோரும் குடம் உருட்டுவதில்லை, நானே சாட்சி. அப்படி ஓர் ஆள் இருக்க முடியுமா என்றே சந்தேகம் வந்தது. பிறகு ஒரு நாள் பேருந்தில், முன்சீட்டுக்காரர் நாள்காட்டியில் கிழித்த தேதித்தாள் ஒன்றைப் பையிலிருந்து எடுத்து மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

அதனால் அடுத்த பகுதியில் வருகிற நாள்காட்டியை மேசையில் வைத்தது நான்தான். வைத்த பிறகு எடுக்க முடியவில்லை. மன்னிக்க வேண்டும். யாரிடம் மன்னிப்புக் கேட்கிறேன் என்பதும் சரியாகத் தெரியவில்லை.

5

நீங்கள் முதலிலேயே கேட்டிருப்பீர்கள்: அந்தக் கம்பெனிக்கு ஒரு போன் போட்டால் என்ன? தையற்காரி நாலு தரம் போட்டாள். அவர்கள் சொன்னது அவளுக்குப் புரியவில்லை, அவள் சொன்னது அவர்களுக்குப் புரியவில்லை. மொழிபெயர்ப்பாளர் போடக் கூடாது. தாளில் இருப்பதை மட்டும் பார்க்க வேண்டும் என்பது தொழில் ஒழுங்கு. இரண்டே கால் மணிக்கு அவர் கடிதத்தை எடுத்துக்கொண்டு வெளியே வராந்தாவுக்குப் போய், தலைப்பில் இருந்த எண்ணை அழுத்தினார். பதினெட்டு வருடத்தில் முதல் தடவை.

ஒரு பெண் எடுத்தாள். பேச்சு ஆங்கிலத்தில் நடந்தது. நான் தமிழில் தருகிறேன்.*

"இந்தக் கடிதம் எழுதினவரோட பேசணும்."

"அவரா? போன மாசமே போயிட்டாரே."

"எங்கே?"

"தெரியலைங்க. சொல்லல."

(நான் வேண்டுமென்று செய்யவில்லை.)

"அவர் எழுதின கடிதத்துல ஒரு சொல்லு இருக்கு..." மொழிபெயர்ப்பாளர் அதைச் சொன்னார். அந்தப் பக்கம் அவள் அடக்க முடியாமல் சிரித்தாள்.

"ஐயோ, அதா! அவர் மேசையில ஒரு நாள்காட்டி இருந்துச்சுங்க. தினம் ஒரு விநோதச் சொல்லு வரும். அன்னைக்கு வர்ற சொல்லை அன்னைக்கே ஏதாவது ஒரு கடிதத்துல போட்டுடுவார். பந்தயம் மாதிரி, தனக்குத் தானே. கிழிச்ச தாளெல்லாம் டிராயர்லதான் கிடக்கு. தேதி என்ன?"

மொழிபெயர்ப்பாளர் தேதியைச் சொன்னார். தாள்கள் சரசரத்தன.

"இருக்கு. அதேதான். முந்தின நாள் சொல்லு வயித்துக் கலக்கத்துக்கு. அடுத்த நாளோடது, கால்வாய் ஓரமா நின்னு சும்மா வேடிக்கை பார்க்கிறவனுக்கு."

ஒரு நாள் முன்னால் எழுதியிருந்தால் லிஃப்ட் மெக்கானிக்குக்கு வயிறு கலங்கியிருக்கும். ஒரு நாள் தள்ளி எழுதியிருந்தால் எங்கேயோ ஒரு கால்வாய் ஓரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றிருப்பார்.

"அவர் எப்படிப் போனார்னு உங்களுக்குத் தெரியுமா? அந்த மெக்கானிக்?"

சிரிப்பு நின்றது. "யாரும் பார்க்கலைங்க. தேத்தண்ணி குடிக்கிற வரைக்கும் இருந்தார். அப்புறம் பார்த்தா இல்ல."

* தமிழில் தந்ததால் அவள் எந்த இடத்தில் மரியாதை கொடுத்தாள், எந்த இடத்தில் கொடுக்கவில்லை என்பதெல்லாம் என் கைவேலை. விடுபடாமலும் சேர்க்காமலும் என்று நான் கையெழுத்துப் போட முடியாது.

6

வராந்தாவிலிருந்து அறைக்கு ஏழு அடி. மொழிபெயர்ப்பாளர் அதை நடந்து முடிக்க நெடுநேரம் ஆயிற்று. சொன்னால், "அது நல்ல சொல்லுதான்" என்றவளிடமிருந்து அந்த நல்லதையும் பிடுங்கிக்கொள்வதாகும். சொல்லாவிட்டால்

(இந்த வாக்கியத்தை முடிக்க எனக்குத் தெரியவில்லை. அவருக்கும் தெரியவில்லை. ஆனால் அவர் நடந்துவிட்டார்.)

சொன்னார். பெஞ்சிலேயே பக்கத்தில் உட்கார்ந்து, நாள்காட்டியையும் கிழித்த தாள்களையும் தேத்தண்ணியையும் ஒன்றுவிடாமல் சொன்னார்.

 கீழே கண்ணாடிக் கடையில் யாரோ எழுத்துகளைப் பெரிசிலிருந்து சிறிசாகப் படித்துக்கொண்டு வந்தார்கள். கடைசி வரியில் தடுமாறினார்கள்.

"அப்ப அந்தச் சொல்லு இவரைப் பத்தினது இல்ல. அந்தத் தேதியைப் பத்தினது."

"அப்படித்தான் தோணுது."

"சொல்லே இல்லைன்னு ஆயிடுச்சு. அந்த இடத்தைக் காலியா விட்டுடுங்கக்கா."

"காலியா விட்டா சன்னல்ல வாங்க மாட்டாங்கம்மா. நானும் முத்திரை வைக்க முடியாது."

"காணாமல் போனார்னு போட்டா?"

மொழிபெயர்ப்பாளர் கடிதத்தை மறுபடி பார்த்தார். நடந்தது அதுதான். எழுதியிருப்பது அது இல்லை.

மூன்று பத்து. கமா அக்கா ஸ்டேப்ளரைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். "இந்த இங்கிலீஷ் தாளை இவ எழுதிக் கொடுத்ததோட சேர்த்துக் குத்திட்டேன். காலையில முடிச்சியே."

மொழிபெயர்ப்பாளர் தாளை வாங்கிப் பார்த்தார். வாக்குமூலம். அவள் தமிழில் எழுதிக் கொடுத்ததன் கடைசி வரி இது: "அன்று போனில் 'சரி, வரேன்' என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்." ஆங்கிலத்தில் அவர் எழுதியிருந்தது: அவர் குட்பை சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

அரை நிமிடத்தில் எழுதியது. எந்த அகராதியையும் திறக்கவில்லை. குட்பை என்றால் குட்பைதான். கீழே முத்திரை, கீழே கையெழுத்து. எழுத்து அழகாக, நடுங்காமல் இருந்தது.

அந்த ஊரில் இதைப் படிக்கிற ஒருவர், மனைவியிடம் விடைபெற்றுக்கொண்டு போன ஆள் என்று நினைப்பார். பலகையில் இருப்பது மாதிரி, தாமாகவே.

"ஏம்மா," என்றார் மொழிபெயர்ப்பாளர். "அவர் வரேன்னு சொன்னாரே, எப்படிச் சொன்னார்?"

"எப்படின்னா? எல்லாரும் சொல்ற மாதிரிதான். போன் வைக்கும்போது."

"போறேன்ங்கிறதுக்குச் சொல்ற வரேனா? இல்ல வரேன்ங்கிற வரேனா?"

தையற்காரி அவரை நிமிர்ந்து பார்த்தாள்.

"அதைத்தாங்க்கா ஆறு மாசமா நானும் கேட்டுக்கிட்டிருக்கேன்."

7

இங்கே மூன்று முடிவுகள் எழுதி வைத்திருந்தேன்.

ஒன்றில் மொழிபெயர்ப்பாளர் "காணாமல் போனார்" என்று எழுதிக் கையெழுத்திடுகிறார். சன்னலில் வாங்கிக்கொள்கிறார்கள். தேடுகிறார்கள். ஒரு வருடம் கழித்து, வேறொரு ஊரில், வேறொரு பெயரில், சீட்டியடித்துக்கொண்டே லிஃப்டைச் சரிசெய்கிற ஒருவர் கிடைக்கிறார். தேடச் சொன்னது நல்லதா கெட்டதா என்று அவளுக்குத் தெரியவில்லை. எனக்கும் தெரியவில்லை.

இன்னொன்றில் அவர் சட்டப்படி, சொல்லுக்குச் சொல் சரியாக, "சொல்லாமல் கிளம்பிச் சென்றார்" என்று எழுதுகிறார். சன்னலில் பலகையைக் காட்டித் திருப்பி அனுப்புகிறார்கள். அதே நேரம் எங்கேயோ ஒரு லிஃப்டின் அடிக்குழியில்... இதை முடிக்க மாட்டேன்.

மூன்றாவது மிகவும் கெட்டிக்காரத்தனமானது. அதில் நானே, ஒரு வாக்கியத்தின் நடுவில், சொல்லாமல் கொள்ளாமல் கிளம்பிப் போய்விடுகிறேன். சொல்லின் பொருளைக் கதையே நடித்துக் காட்டிய மாதிரி. அதைப் படித்துக் காட்டியபோது மனைவி வெந்நீர்ப் பாத்திரத்தை இறக்கிவைத்துவிட்டுக் கேட்டாள்:

"அந்தப் பொண்ணை அங்கயே உட்கார வச்சுட்டு, நீ கம்பி நீட்டப் போறியா?"

நீட்டவில்லை. அந்தச் சொல்லின் மூன்று துண்டுகளில் எனக்குக் கைவருவது நடுவில் உள்ளது மட்டும்தான். குந்தியிருக்கிறேன். அதே பெஞ்சில், அளவுநாடாவுக்கும் சுவருக்கும் நடுவில்.

நான் பார்த்தது இவ்வளவுதான். மூன்றரை மணிக்கு மொழிபெயர்ப்பாளர் எழுந்தார். குத்தியிருந்த ஆங்கிலத் தாளின் கம்பியை நகத்தால் நெம்பிப் பிரித்தார். இரண்டு தாள்களையும் தன் முன்னால் வைத்துக்கொண்டு எனக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார். ஒன்றில் ஓர் ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழ் வேண்டும். மற்றொன்றில் ஒரு தமிழ்ச் சொல்லுக்கு ஆங்கிலம் வேண்டும். எழுதினார், இரண்டு இடத்திலும், கையால். என்ன எழுதினார் என்று எட்டிப் பார்த்தேன், தோள் மறைத்தது. முத்திரை விழுகிற சத்தம் இரண்டு முறை கேட்டது. கையெழுத்து நடுங்கியதா என்பதை நான் ஊகிக்க மாட்டேன்.

கமா அக்கா தாள்களைப் படித்துப் பார்த்தார். ஒரு கமாகூடச் சேர்க்கவில்லை.

தையற்காரி வாங்கிக்கொண்டாள், ஆனால் படிக்கவில்லை. நான்காக மடிக்கப் போய், முத்திரை கலையும் என்று விட்டுவிட்டு, அப்படியே தட்டையாக நெஞ்சோடு பிடித்துக்கொண்டாள். சன்னல் அடைக்க இன்னும் இருபது நிமிடம் இருந்தது. நடந்தால் பத்து நிமிடம். அந்த இரண்டு இடங்களிலும் என்ன இருக்க வேண்டும் என்று உங்களுக்குத் தோன்றினால் அதற்குள் எழுதிவிடுங்கள். பேனா உங்களிடம் இருக்கிறது, எனக்கு அது எட்டுகிற தூரத்தில் இல்லை.

படியில் முதல் காலை வைத்தவள் திரும்பிப் பார்த்தாள். எல்லோரும் சொல்வதைத்தான் அவளும் சொன்னாள்.

"வரேங்க்கா."